களியை மென்று தின்றவர்

புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்கள் ஐந்து பேருக்கும் ஏதாவது எழுதிக் கொடுங்கள் என்று நம் துறையில் கேட்டார்கள். நல்லதாக நாலு சம்பவம் எழுதினால் பிள்ளைகளுக்கு உற்சாகமாக இருக்கும் என்றார்கள். அப்படிப்பட்ட சம்பவங்கள் என்னிடம் இல்லாமல் இல்லை. பேச்சு நின்றுபோன ஒருவர் மூன்றாவது மாதம் மனைவியைப் பெயர் சொல்லிக் கூப்பிட, அந்த அம்மாள் வெட்கப்பட்டு வராந்தாவுக்கு ஓடியதை நான் காபி நேரத்தில் எத்தனையோ தடவை சொல்லி உங்கள் சீனியர்களின் காதைப் புண்ணாக்கியிருக்கிறேன். அதையெல்லாம் அவர்களிடமே கேட்டுக்கொள்ளுங்கள். நான் இதுவரை யாரிடமும் முழுதாகச் சொல்லாத ஒன்றை இங்கே எழுதுகிறேன். படிக்கச் சுகமாக இருக்காது.

பேச்சுப் பயிற்சி தருகிறவளுக்குச் சோறு விழுங்குவதில் என்ன வேலை என்று கேட்காத சொந்தக்காரர் எனக்கு இல்லை. உங்களுக்கும் இதே கேள்வி வரும். பேசுகிற நாக்கும் தொண்டையும்தான் விழுங்கவும் செய்கின்றன, அதனால் அது நம் வேலை என்று சொல்லிச் சொல்லி எனக்கு அலுத்துவிட்டது. ஆனால் தொண்டைக்குக் கீழே உணவுக்குழாய் தொடங்குகிற இடத்தில் நம் கை நின்றுவிடுகிறது. அங்கே பயிற்சி கொடுத்துச் சரிசெய்ய நமக்கு எதுவும் இல்லை. கோளாறு அங்கேதான் இருக்கிறது என்று கண்டுபிடித்து, உரிய டாக்டரிடம் தாமதிக்காமல் அனுப்புவதுதான் நம் பங்கு. கேட்க எவ்வளவு எளிதாக இருக்கிறது, பார்த்தீர்களா? அதில்தான் நான் தவறினேன்.

அவர் பெயர் நாராயணப்பா என்று வைத்துக்கொள்ளுங்கள். ஐம்பத்தெட்டு வயது. தேன்கனிக்கோட்டைக்கு அப்பால், காட்டை ஒட்டிய ஒரு கிராமத்தில் கேழ்வரகும் தக்காளியும் போடுகிறவர். லேசான பக்கவாதம் வந்து, வாய் கொஞ்சம் கோணி, பேச்சு குழறியிருந்தது. ஒரு மாதத்தில் அது பெரும்பாலும் சரியாகிவிட்டது. ஆனால் தொண்டையில் சாப்பாடு நிற்கிறது என்று சொன்னதால் என்னிடம் அனுப்பினார்கள். மகள் மஞ்சுளா கூட வந்தாள். ஓசூரில் ஒரு மின்னணுக் கம்பெனியில் வேலை. ஒவ்வொரு செவ்வாய்க்கிழமையும் யாரோடாவது ஷிஃப்ட் மாற்றிக்கொண்டு, பஸ் நிலையத்தில் அப்பாவை இறக்கிக் கூட்டிவருவாள்.

அவர்கள் வீட்டில் தெலுங்கு. சந்தையில் கன்னடம். நாராயணப்பாவுக்குத் தமிழ் நன்றாகவே வரும், ஆனால் நிதானமாக வரும். எனக்கோ பொறுமை கிடையாது. வெளியே எட்டுப் பேர் காத்திருந்தார்கள். ஆகவே அவரைக் கேட்கவேண்டிய கேள்விகளை மகளிடம் கேட்டேன். எப்போதிலிருந்து இப்படி என்றேன். பக்கவாதம் வந்ததிலிருந்துதான் மேடம் என்றாள். வாரத்தில் ஆறு நாள் கம்பெனி விடுதியில் இருக்கும் பெண் அப்பாவின் தட்டைப் பார்ப்பாளா என்று எனக்குத் தோன்றவில்லை. எங்கே நிற்கிறது என்று மட்டும் அவரிடம் கேட்டேன். கழுத்துக் குழியைத் தொட்டுக் காட்டினார்.

அவர் கையில் ஒரு டம்ளர் தண்ணீர் கொடுத்தேன். மடமடவென்று குடித்தார். இருமல் இல்லை. குரலில் தண்ணீர் தேங்கிய கரகரப்பு இல்லை. நாக்கு எல்லாப் பக்கமும் ஒழுங்காகப் போனது. தொண்டைத் தசை பலவீனமானவர்களுக்குத் தண்ணீர்தான் முதல் எதிரி என்று உங்களுக்குப் பாடத்தில் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள். எனக்கும் சொல்லிக் கொடுத்தார்கள். தண்ணீர் தாராளமாக இறங்குகிறது, கெட்டியானது நிற்கிறது என்றால் பார்வை கீழே போக வேண்டும். கீழே உள்ள அடைப்பை ஆள் மேலே கழுத்தில் உணரலாம் என்பதும் எனக்குத் தெரியும். தெரிந்தது எல்லாம் அன்று எங்கே போயிற்று என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. கேஸ் ஷீட்டின் மேல் பக்கவாதம் என்று எழுதியிருந்தது. நான் அதைப் படித்தேன், ஆளைப் படிக்கவில்லை. தொண்டைத் தசை பலவீனம் என்று எழுதி, தினமும் மூன்று வேளை, வேளைக்குப் பத்து முறை செய்யவேண்டிய பயிற்சிகளைக் கொடுத்து அனுப்பினேன்.

மூன்றாவது செவ்வாய்க்கிழமை நடந்ததைத்தான் நீங்கள் முக்கியமாகக் கேட்க வேண்டும். கேழ்வரகுக் களி சாப்பிடுகிறாரா என்று விசாரித்தேன். அவர் கொஞ்சம் தயங்கிவிட்டுச் சொன்னார்.

"சாப்பிடறேன் மேடம். இப்பல்லாம் மென்னுதான் திங்கறேன்."

"ரொம்ப நல்லது. அப்படித்தான் மென்னு சாப்பிடணும். இதையே பழக்கமா வெச்சுக்கங்க" என்று நான் பாராட்டினேன்.

அவர் தலையைக் குனிந்துகொண்டு லேசாகச் சிரித்தார். கூச்ச சுபாவம் என்று நினைத்துக்கொண்டேன். கேஸ் ஷீட்டில் முன்னேற்றம் என்கிற இடத்தில் அதை எழுதவும் செய்தேன். என் கையெழுத்தில் அது இன்னும் இருக்கிறது.

நான் நாகர்கோவில்காரி. கல்யாணமாகி, கணவரின் கம்பெனி வேலைக்காக ஓசூருக்கு வந்தவள். அப்போது இங்கே வந்து இருபது வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. ஆனாலும் என் வீட்டில் சோறும் மீன்குழம்பும்தான். இந்த மாவட்டத்தின் சாப்பாட்டைப் பற்றி நோயாளிகளிடம் நாள் முழுதும் பேசினேனே தவிர, ஒரு வாய் களியை உட்கார்ந்து தின்றவள் இல்லை. அது தெரியாமல் இருப்பது ஒரு குறை என்றுகூட எனக்குத் தெரியாது. உடம்பின் படத்தில் எல்லாத் தசைக்கும் பெயர் சொல்லத் தெரிந்தால் போதும் என்கிற திமிர் எனக்கு இருந்தது. இன்று உங்கள் சிலரிடமும் அதைப் பார்க்கிறேன், அதனால்தான் சொல்கிறேன்.

அடுத்த வாரங்களில் சாப்பாட்டைக் குழைவாக்கச் சொன்னேன். களிக்குப் பதில் கூழ், கூழுக்குப் பதில் கஞ்சி. இப்போ சுலபமா இறங்குது என்றார். எனக்குப் பெருமையாக இருந்தது. குழாய் எவ்வளவு ஒடுங்கினாலும் கஞ்சி இறங்கத்தான் செய்யும். நான் நோயைக் குறைக்கவில்லை, அது இருப்பது தெரியாதபடி மூடி வைத்தேன். உடம்பு இளைத்துக்கொண்டே வந்தது. பக்கவாதம் வந்தவர் கொஞ்சம் இளைப்பார் என்று அதற்கும் ஒரு காரணம் வைத்திருந்தேன். அப்பா சரியாகச் சாப்பிடுவதில்லை, பயிற்சியையும் பாதி நாள் விட்டுவிடுகிறார் என்று மஞ்சுளா குறைப்பட்டபோது, செல்லம் கொடுக்காமல் கண்டிப்பாக இருக்கும்படி அவளிடம் சொன்னேன். அவள் நான் சொன்னதை வேதமாக எடுத்துக்கொள்கிற பெண்.

பிறகு இரண்டு செவ்வாய்க்கிழமை அவர்கள் வரவில்லை. போன் செய்தால், கேழ்வரகு அறுப்புக்கு நிற்கும் நேரத்தில் யானை இறங்கிவிட்டது, அப்பாவால் வர முடியவில்லை என்றாள் மஞ்சுளா. எனக்கு எரிச்சலாக வந்தது. அந்த ஞாயிற்றுக்கிழமை தேன்கனிக்கோட்டையில் ஒரு பள்ளிக்கூடத்தில் நம் ஆஸ்பத்திரி இலவச முகாம் போட்டிருந்தது. காலை வேலை முடிந்ததும், வேன் டிரைவரை அழைத்துக்கொண்டு அவர் ஊருக்கே போனேன். அக்கறையால் போனேன் என்று நினைக்காதீர்கள். நாலு வார்த்தை திட்டிவிட்டு வரலாம் என்றுதான் போனேன். வழியெல்லாம் என்னென்ன சொல்ல வேண்டும் என்று மனதில் அடுக்கிக்கொண்டே போனேன்.

நாராயணப்பா வெயிலில் கம்பளி போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருந்தார். வயலில் பாதி மிதிபட்டுக் கிடந்தது. அவரைப் பார்த்ததும் திட்ட வாய் வரவில்லை. இரண்டு வாரத்தில் முகம் அவ்வளவு ஒட்டிப்போயிருந்தது. மஞ்சுளா ஷிஃப்டுக்குப் போயிருந்தாள். அவர் மனைவி ரத்னம்மாவை அன்றுதான் முதல் முறையாகப் பார்த்தேன். ஒன்பது வாரம் அவருக்கு வைத்தியம் பார்த்திருக்கிறேன், அவருக்குச் சோறு போடுகிறவளின் முகம் எனக்குத் தெரியாது. அதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

சாப்பிடாமல் போகக் கூடாது என்று ரத்னம்மா பிடிவாதம் பிடித்தார். சுடச்சுடக் களி உருண்டை, அவரைக்கொட்டைக் குழம்பு. நானும் டிரைவரும் உட்கார்ந்தோம். நான் ஒரு துண்டு பிய்த்துக் குழம்பில் தொட்டு வாயில் போட்டு மெல்லத் தொடங்கினேன். பல்லிலும் அண்ணத்திலும் ஒட்டிக்கொண்டு அவதிப்பட்டதைப் பார்த்து ரத்னம்மாவுக்குச் சிரிப்பு தாங்கவில்லை.

"களிய மெல்லக் கூடாது மேடம். குழம்புல பொரட்டி அப்படியே முழுங்கிடணும். மென்னா அது களியே இல்ல."

டிரைவர் இந்த ஊர்க்காரர். பேசிக்கொண்டே உருண்டை உருண்டையாக விழுங்கிக்கொண்டிருந்தார், அவர் தாடை அசையவே இல்லை. மூன்று வயதுக் குழந்தையிலிருந்து பல் போன கிழவர் வரைக்கும் இங்கே அப்படித்தான் என்றார். நானும் சிரித்தேன். சிரித்துக்கொண்டே திரும்பி நாராயணப்பாவைப் பார்த்தேன். கையில் கஞ்சி டம்ளரோடு அவர் மட்டும் சிரிக்காமல் இருந்தார்.

என் வாயில் இருந்த களி இறங்கவில்லை. இந்த மனிதர் அன்று என்னிடம் முன்னேற்றம் சொல்லவில்லை. பிறந்ததிலிருந்து விழுங்கிய களி இப்போது இறங்கமாட்டேன் என்கிறது, மென்றால்தான் போகிறது என்று தன் கஷ்டத்தைச் சொல்லியிருக்கிறார். அதற்குத்தான் நான் ரொம்ப நல்லது என்று பாராட்டியிருக்கிறேன்.

எப்போதிலிருந்து மென்று தின்கிறார் என்று ரத்னம்மாவிடம் கேட்டேன். அந்த அம்மாளுக்குத் தேதி தெரியாது, ஆனால் யோசிக்காமல் பதில் சொன்னார். தக்காளி நாற்று விட்ட சமயத்திலிருந்து. பக்கவாதம் வந்தது அதற்கு மூன்று மாதம் கழித்து. அப்படியானால் பக்கவாதத்துக்கும் இதற்கும் தொடர்பே இல்லை. இதை ஏன் யாரும் என்னிடம் சொல்லவில்லை என்று கேட்டேன். என் குரலில் கோபம்கூட இருந்திருக்கும்.

"பயமாத்தான் இருந்துச்சு மேடம். ஆனா மென்னு திங்கறது நல்லதுன்னு நீங்க சொன்னதா வந்து சொன்னாரு. பெரிய ஆஸ்பத்திரில நல்லதுன்னே சொல்லிட்டாங்க, நமக்கு என்னா தெரியும்னு நான் உட்டுட்டேன்."

மீதிக் கேள்விகளைக் கேட்டு முடிக்க எனக்கு ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. விழுங்கும்போது ஒன்றுமில்லை, விழுங்கிய பிறகுதான் நிற்கிறது. நெஞ்சை நீவிவிட்டுத் தண்ணீர் குடித்தால் சில சமயம் இறங்கும், சில சமயம் அப்படியே திரும்பி வந்துவிடும். எல்லாப் பதிலும் ஒரே இடத்தைக் காட்டின. அதே வேனில் அவர்கள் இருவரையும் ஏற்றிக்கொண்டு ஓசூர் வந்தேன். வரும் வழியில் அவர் என்னைத்தான் சமாதானப்படுத்தினார், பாதிச் சாப்பாட்டில் எழுந்துவிட்டீர்களே மேடம் என்று.

மறுநாள் எண்டோஸ்கோபி செய்தார்கள். உணவுக்குழாயின் கீழ்ப்பகுதியில் கட்டி. அதைத் தாண்டிக் கருவியைச் செலுத்தவே முடியவில்லை. ஸ்கேனில் கல்லீரலுக்கும் பரவியிருப்பது தெரிந்தது. குடல் டாக்டர் அதிகம் பேசாதவர். எத்தனை நாளாக உங்களிடம் வருகிறார் என்று கேட்டார். ஒன்பது வாரம் என்றேன். அவர் கை கழுவப் போய்விட்டார். அன்று சாயங்காலம் அவர் அறைக்குப் போய், ஒன்பது வாரத்துக்கு முன்னால் அனுப்பியிருந்தால் பிழைத்திருப்பாரா என்று கேட்டேன். இல்லை என்று சொல்லிவிடுவார், நானும் நிம்மதியாக வீட்டுக்குப் போகலாம் என்கிற ஆசைதான்.

"தெரியாதும்மா. வித்தியாசம் இருந்திருக்கலாம், இல்லாமலும் இருந்திருக்கலாம். அது தெரியாமலேதான் நீங்க நாளைக்கு வேலைக்கு வரணும்" என்றார்.

வந்தேன். என்ன நடந்தது என்று துறைத் தலைவிக்கு எழுதிக் கொடுத்தேன். நீங்கள் தினமும் அலுத்துக்கொண்டே நிரப்புகிறீர்களே, "முதலில் சாப்பிடுவதை நிறுத்திய அல்லது சாப்பிடும் விதத்தை மாற்றிய உணவு எது, எப்போதிலிருந்து, சமைப்பவரிடம் கேட்கவும்" என்கிற முதல் பக்கக் கேள்வி, அது அதன் பிறகு சேர்த்ததுதான்.

அடைப்புக்குள் ஸ்டென்ட் என்கிற வலைக்குழாய் வைத்தார்கள். கூழ் இறங்கும் அளவுக்கு வழி கிடைத்தது. அப்போதுதான் என் உண்மையான வேலை தொடங்கியது. எப்படி நிமிர்ந்து உட்கார்வது, எவ்வளவு சின்ன வாயாகக் குடிப்பது, சாப்பிட்ட பிறகு எவ்வளவு நேரம் படுக்கக் கூடாது, எதைத் தொடவே கூடாது. ரத்னம்மாவுக்கு இதையெல்லாம் சொல்லிக் கொடுத்தேன். அந்த அம்மாள் ஒரு தடவை கேட்டால் போதும், அப்படியே செய்வார். இந்த முறை நான் சரியாகச் செய்தேன் என்று சொல்லிக்கொள்ளலாம். ஆனால் கதை இங்கே முடியவில்லை. ஒன்பது வாரத் தவறை என்னால் ஓரளவு மன்னிக்க முடிந்தது. அடுத்ததை முடியவில்லை.

அவர் மூன்றாவது முறை வார்டில் சேர்ந்திருந்தபோது ஒரு மத்தியான நேரம். ரத்னம்மா மருந்து வாங்கப் போயிருந்தார். நான் தலையணையைச் சரிசெய்துகொண்டிருந்தேன். நாராயணப்பா என் கையைத் தொட்டார்.

"நீங்க பத்து தடவ பண்ணச் சொன்னீங்க மேடம். நான் தக்காளிக் காட்டுல வேல இருந்தா நாலஞ்சுதான் பண்ணுவேன். ஒழுங்கா பண்ணியிருந்தா இவ்ளோ தூரம் வந்திருக்காது. உங்களுக்கும் கெட்ட பேரு வாங்கிக் குடுத்துட்டேன்."

அப்போது நான் சொல்லியிருக்க வேண்டும். சொல்ல வேண்டியது இரண்டே வரிதான். அந்தப் பயிற்சிக்கும் உங்கள் நோய்க்கும் சம்பந்தமில்லை. தவறு என்னுடையது. ஆனால் நான் என்ன சொன்னேன் தெரியுமா? அதையெல்லாம் யோசிக்காமல் ஓய்வெடுங்கள் என்றேன். போர்வையை இழுத்துவிட்டு வெளியே வந்துவிட்டேன்.

சாகப் போகிறவர் மனதில் எதற்கு இன்னொரு பாரம் என்று எனக்கு நானே நியாயம் சொல்லிக்கொண்டேன். பாரம் ஏற்கெனவே அவர் மனதில்தான் இருந்தது, அதை இறக்கிவைக்க வேண்டியவள் நான் என்பது எனக்குத் தெரியாமல் இல்லை. எனக்குப் பயம். அவர் முகம் மாறுவதைப் பார்க்கப் பயம். மஞ்சுளா வரும் நாளில் மூவரையும் உட்காரவைத்துச் சொல்லலாம் என்று தள்ளிப்போட்டேன். வெள்ளிக்கிழமை, வீட்டுக்குப் போக வேண்டும் என்று அவரே டிஸ்சார்ஜ் கேட்டு வாங்கிப் போனார். அடுத்த புதன்கிழமை இறந்துபோனார் என்று போன் வந்தது. நான் அழுதேன். அதில் பாதி அவருக்காக இல்லை, எனக்காக.

ஒரு மாதம் கழித்து மஞ்சுளா வந்தாள். கம்பெனியில் விடுப்புக்காக ஆஸ்பத்திரிச் சான்றிதழ் கேட்டார்களாம். ஷிஃப்டுக்குப் போகும் வழி, யூனிஃபார்மில் இருந்தாள். காகிதத்தை வாங்கிக்கொண்ட பிறகும் அவள் எழுந்திருக்கவில்லை.

"ஒண்ணு கேக்கணும் மேடம். அப்பா அந்தப் பயிற்சிய ஒழுங்கா பண்ணியிருந்தா பொழச்சிருப்பாரா?"

இந்த முறை நான் ஓடவில்லை. எல்லாவற்றையும் சொன்னேன். தண்ணீர் டம்ளரிலிருந்து களி வரைக்கும், அவளிடம் கேட்க வேண்டாத கேள்வியைக் கேட்டது வரைக்கும் ஒன்றையும் விடாமல் சொன்னேன். அந்தப் பயிற்சியை அவர் நாள் முழுதும் செய்திருந்தாலும் ஒரு பயனும் இருந்திருக்காது என்றும் சொன்னேன். அவள் சத்தம் போடுவாள், மேலதிகாரியிடம் போவாள் என்று எதிர்பார்த்தேன். போயிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும். அவள் மேசையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நான் தெனமும் ரெண்டு பேரையும் திட்டுவேன் மேடம். நேர்ல இல்லன்னா போன்லயாச்சும் திட்டுவேன். கடைசி வாரம்கூட, சொன்னத பண்ணாம உட்டுட்டு இப்ப இப்பிடிக் கெடக்கறியேன்னு கேட்டேன். ஆமா கண்ணு, என் தப்புதான், அம்மாவ திட்டாதன்னு சொன்னாரு."

தப்பு என்னுடையது, உன்னுடையதும் இல்லை, அவருடையதும் இல்லை என்று மறுபடி சொன்னேன். அவள் தலையை ஆட்டினாள். சான்றிதழை நாலாக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு எழுந்தாள். கதவருகே போய் நின்று, கோபமே இல்லாமல் சொன்னாள்.

"எனக்குச் சொல்லிட்டீங்க மேடம். அவருக்குத்தான் தெரியாமயே போச்சு."